மேடை ஏற நாற்காலிக்கு வழி வேண்டும்

நண்பர்களே, ஓர் உதவி. என் தங்கைக்குத் திருமணம். அவள் சக்கர நாற்காலியில் இருப்பவள். "சாய்தளம் இருக்கிறது" என்று சொன்ன மண்டபத்தில் போய்ப் பார்த்தால், மூன்று படிகளின்மேல் ஒரு பலகையைச் சாய்த்து வைத்திருக்கிறார்கள்! ஓர் அடி உயரத்துக்கு 12 அடி நீளம் வேண்டும் என்பதே பொதுவான அளவு. இரண்டரை அடி மேடைக்கு 30 அடி ஆகிறது. இன்னொரு மண்டபத்தில், "நாலு பேர் தூக்கிவிடுவார்கள்" என்றார்கள், பெருந்தன்மையோடு. அவள் என்ன மூட்டையா?

மேடையே இல்லாமல் தரையிலேயே அலங்காரம் அமைத்தவர்கள் யாராவது இருக்கிறீர்களா? பின்வரிசைக்கு மணமக்கள் தெரிந்தார்களா? ஒப்பனைக்கு வந்தவரோ எல்லாக் கேள்வியையும் என்னிடமே கேட்கிறார், மணமகள் எதிரிலேயே இருக்க. அவளிடம் பேசுகிறவர்களை, உட்கார்ந்த உயரத்துக்குக் கேமராவை இறக்கிப் படமெடுப்பவர்களை முன்கூட்டியே எப்படிக் கண்டுபிடிப்பது? அனுபவப்பட்டவர்கள் சொல்லுங்கள்.