சுவிஸில ஆரே (Aare) எண்ட ஆத்தில நீந்தினவை உங்கட அனுபவத்தையும் எழுதுங்கோ

பேர்ண் நகரத்துக்கு வந்து அஞ்சாறு வருசமா பாலத்தில நிண்டு பாத்தது மட்டும்தான், கால் கூட நனைக்கேல்ல. அம்மா வந்து நிக்கேக்க பேரைக் கேட்டுட்டு "ஆத்துக்குப் பேரே ஆறோ?" எண்டு சிரிச்சவ. யாழ்ப்பாணத்தில வழுக்கையாறை விட்டா எங்களுக்கு வேற ஆறு ஏது, அதுவும் மாரியிலதான் ஓடும். நான் நீந்தப் பழகினது கீரிமலைக் கேணியில. கேணித் தண்ணி நிண்ட இடத்திலயே நிக்கும், இது ஆளைத் தூக்கிக்கொண்டு போகும், அந்த வித்தியாசம் இறங்கினாப் பிறகுதான் விளங்கினது.

போன ஆடியில வேலையில கூட நிக்கிற சுவிஸ் பெடியன் விடேல்ல. ஐக்ஹோல்ஸ் எண்ட இடத்தில குதிச்சா கீழ மார்சிலி எண்ட குளிக்கிற இடம் வரைக்கும் ஆறே கொண்டுபோய் விடும், உடுப்பு, போன் எல்லாத்தையும் தண்ணி போகாத பையில போட்டு வாயைச் சுருட்டிக் கட்டினாச் சரி, அது பின்னால மிதந்து வரும் எண்டான். அண்டைக்கு 18 டிகிரி. மேல பனிமலையில உருகி வாற தண்ணி, ரெண்டு ஏரி தாண்டி வந்தும் குளிர் விடேல்ல, குதிச்ச உடன மூச்சு அடைச்சுப்போச்சு. பிறகு காது தண்ணிக்குள்ள போகேக்க ஒரு சத்தம், தாளிக்கேக்க கடுகு வெடிக்கிற மாதிரி, விடாம. அடியில கல்லுகள் உருண்டு போற சத்தமாம். அதுக்காகவே திரும்பவும் இறங்கலாம்.

பிழைச்சது ஏறேக்கதான். கரையில சிவப்புக் கம்பி இருக்கும், அதைப் பிடிச்சு ஏறோணும், ஆனா கம்பியைக் கண்டாப் பிறகு கரைக்கு நீந்தத் தொடங்கினா நேரம் போயிடும், முதலே ஒதுங்கியிருக்கோணும். முதல் கம்பியை விட்டுட்டன், ரெண்டாவது கையில பட்டு வழுக்கிட்டுது, கீழ தடுப்பணை இருக்கெண்டு தெரியும், நெஞ்சு பட படவெண்டு அடிக்குது. மூண்டாவதில நிண்ட ஒரு அம்மா, எழுபது தாண்டியிருக்கும், கையைப் பிடிச்சு இழுத்து ஏத்திவிட்டுட்டு ஒண்டும் நடக்காத மாதிரி மேல நடந்து போறா, அடுத்த தரம் குதிக்க.

—

நான் ஆரே ஓடுற தூண் (Thun) எண்ட ஊரில இருக்கிறன் அண்ணை. இஞ்ச பழைய மரத் தடுப்புக்குக் கீழ எழும்புற அலையில பெடியள் கயிறு பிடிச்சு சர்ஃபிங் செய்வினம், மார்கழியிலயும்! அந்தத் தடுப்பு வந்ததுக்கு ஒரு கதை இருக்கு. காண்டர் எண்ட ஆறு முதல் தூணுக்குக் கீழதான் ஆரேயில சேர்ந்தது, வெள்ளம் தாங்கேலாம 1714இல மலையை வெட்டி அதைத் தூண் ஏரிக்குள்ள திருப்பினவை. ஏரி நிரம்பி வெள்ளம் தூணுக்கு வந்திட்டுது. பிறகுதான் தடுப்பெல்லாம். கடைசியா 2009இல வெள்ளத்துக்கெண்டே சுரங்கமும் திறந்தவை.

—

நான் லொறி ஓடுறதால சுவிஸ் கோப்லென்ஸ் பக்கம் அடிக்கடி போறனான், ஆரே ரைனில சேருற இடம். சராசரி பாத்தா ஆரேயிலதான் தண்ணி கூட, ஆனா அங்கால பேர் ரைன். மாடா உழைக்கிறது ஒருத்தன், பேர் வாங்கிறது இன்னொருத்தன். மேல கிரிம்சல் மலையில கரண்ட் எடுத்து, கீழ பெட்ஸ்னாவில அணு உலையையும் குளிராக்கி, ஒரு ஆத்தில எவ்வளவு வேலை வாங்கினம். கோடையில ஆறு 25 டிகிரிக்குக் கிட்ட வந்தா உலையைக் குறைக்கோணும், நிப்பாட்டினதும் உண்டு. அது சரி தம்பி, திரும்ப இறங்கினனீங்களோ?

—

நாலு தரம் அண்ணை. இப்ப முதல் கம்பியிலயே ஏறிடுறன். அம்மாட்ட இன்னும் சொல்லேல்ல, சொன்னா பையை எரிச்சுப்போடுவா.