இம்ப்ளிமென்டேஷன் ரிசர்ச்: 'செயலாக்க ஆய்வு' வேண்டாம், 'புழக்கமாக்க ஆய்வு' எப்படி?

நண்பர்களுக்கு வணக்கம்.

இம்ப்ளிமென்டேஷன் ரிசர்ச், அதாவது பலன் தரும் என்று நிரூபணமான ஒன்றை மக்கள் உண்மையில் பயன்படுத்தும்படி செய்வது எப்படி என்று ஆராய்வது, இதற்குத் தமிழ்ச் சொல் தேடும் இந்த இழையை மூன்று நாளாக வாசித்துக்கொண்டிருக்கிறேன். இப்போது எழுதாவிட்டால் 'செயலாக்க ஆய்வு' என்றே முடிவாகிவிடும் போலிருக்கிறது.

> செயலாக்க ஆய்வு போதுமே, எல்லாருக்கும் புரிகிறது.

புரிகிறதா என்பதில்தான் எனக்குச் சந்தேகம். 'தரவுச் செயலாக்கம்' என்று கணினித் துறையினர் பிராசஸிங்குக்கு அந்தச் சொல்லை எடுத்துக்கொண்டு வெகுநாள் ஆகிறது. 'செயல் ஆராய்ச்சி' என்றால் பி.எட். படிப்பவர்களுக்கு ஆக்‌ஷன் ரிசர்ச். 'அமலாக்க ஆய்வு' என்று எழுதினால் அமலாக்கத் துறைதான் நினைவுக்கு வரும். ஆனால் என் மறுப்பு இதற்காக மட்டும் இல்லை. விஞ்ஞானி கண்டுபிடித்து முடித்துவிட்டார், இனி உத்தரவு போட்டு நிறைவேற்றுவதுதான் பாக்கி என்ற எண்ணம் இந்தச் சொற்கள் எல்லாவற்றுக்கும் அடியில் இருக்கிறது. அது சரியில்லை.

வங்கதேசத்து உப்பு வெல்லக் கரைசலை எடுத்துக்கொள்ளுங்கள். 1968இல் டாக்காவின் காலரா ஆராய்ச்சிக் கூடத்தில் டேவிட் நாலின், ரிச்சர்ட் கேஷ் என்ற அமெரிக்க மருத்துவர்கள் இருவரும் உப்பும் குளுக்கோஸும் கலந்த நீரைக் குடிக்கக் கொடுத்தே காலரா நோயாளிகளுக்கு நரம்பில் ஏற்றும் சலைனைப் பெருமளவு குறைக்கலாம் என்று காட்டினார்கள். 1971 வங்கதேச விடுதலைப் போரின்போது மேற்கு வங்கத்தின் பங்கான் அகதிகள் முகாமில் சலைன் தீர்ந்துபோக, மருத்துவர் திலீப் மகாலனாபிஸ் இதே போன்ற கரைசலை டிரம்மில் கலக்கிவைத்து உறவினர்கள் கையாலேயே கொடுக்கச் செய்தார், நூற்றுக்கு 30 என்றிருந்த சாவு 4க்கும் கீழே இறங்கியது. 1978இல் லான்செட் மருத்துவ இதழ் இதை இருபதாம் நூற்றாண்டின் மிக முக்கியமான மருத்துவ முன்னேற்றமாக இருக்கக்கூடும் என்று எழுதியது. சரி, விஞ்ஞானம் முடிந்தது. கிராமத்தில் குழந்தைகள் வயிற்றுப்போக்கில் செத்துக்கொண்டேதான் இருந்தார்கள்.

அதற்கு அப்புறம் பிராக் என்ற வங்கதேசத் தொண்டு அமைப்பு செய்த வேலைக்குத்தான் நாம் இப்போது பெயர் தேடுகிறோம். 1979இல் சுல்லா பகுதியில் சோதனை, பிறகு 1980 முதல் பத்தாண்டுகளில் ஏறக்குறைய 1 கோடியே 20 லட்சம் வீடுகள். கரைசலுக்கான ஆயத்தப் பொட்டலத்தை நம்பவில்லை, வீட்டில் என்ன இருக்கிறது என்று பார்த்தார்கள். மூன்று விரலால் ஒரு சிட்டிகை உப்பு, ஒரு கைப்பிடி வெல்லம், அரை சேர் தண்ணீர், அதாவது கிட்டத்தட்ட அரை லிட்டர். பணியாளர் பெண் வீட்டுக்குள் உட்கார்ந்து, தான் கலக்கிக் காட்டுவதோடு நிற்காமல் அந்தத் தாயின் கையாலேயே கலக்க வைப்பார். எழுதப் படிக்கத் தெரியாதவர்களுக்காகப் பத்தே குறிப்புகள், மனப்பாடமாக. சில வாரம் கழித்து வேறொருவர் வந்து அந்தத் தாய்க்கு எத்தனை நினைவிருக்கிறது, கரைசலைச் சரியாகக் கலக்குகிறாரா என்று பார்ப்பார், அதைப் பொறுத்துத்தான் பணியாளருக்குச் சம்பளம். கலக்கிய கரைசலின் மாதிரி ஆய்வகத்துக்குப் போகும், ஏனென்றால் உப்பு கூடிவிட்டால் குழந்தைக்கே ஆபத்து.

இதில் என்னை உலுக்கிய இடம் ஒன்று உண்டு. தாய்மார்கள் சரியாகக் கலக்கக் கற்றுக்கொண்டார்கள், ஆனால் குழந்தைக்குப் பேதி வந்தபோது நிறைய பேர் கொடுக்கவில்லை. ஏன் என்று தேடிப் போனால், சொல்லிக்கொடுத்த பணியாளர்களிலேயே பலருக்கு அதில் நம்பிக்கை இல்லை. வீட்டு ஆண்களிடமோ யாருமே பேசியிருக்கவில்லை. உடனே பணியாளர்களுக்கு அது உடம்பில் எப்படி வேலை செய்கிறது என்று விளக்கினார்கள், சந்தையிலும் மசூதியிலும் ஆண்களிடம் பேசினார்கள். இதுவும் ஆராய்ச்சிதான். கேள்வி இருந்தது, அளவை இருந்தது, தவறு கண்டு திருத்துவது இருந்தது.

> 'கொண்டுசேர்ப்பு ஆய்வு' என்று வைக்கலாமே?

நல்ல சொல்தான், முதலில் எனக்கும் அதுவே பிடித்திருந்தது. ஆனால் மேலே சொன்ன கதையில் கொண்டுபோய்ச் சேர்த்தாகிவிட்டது, இருந்தும் பயன்படவில்லையே. வந்து சேர்ந்த பொருள் அந்த வீட்டுப் பொருளாக ஆக வேண்டும். நம் வீடுகளில் குடிக்கிற தண்ணீர், புழங்குகிற தண்ணீர் என்று பிரித்துச் சொல்வோம், தினமும் கைபடுகிற பாத்திரம் புழங்குகிற பாத்திரம். அந்தப் புழக்கத்துக்குள் கரைசல் வந்ததால்தான் குழந்தைகள் பிழைத்தார்கள். அதனால் என் முன்மொழிவு: புழக்கமாக்கம், புழக்கமாக்க ஆய்வு. வினையாக எழுத 'புழக்கமாக்கு'.

பேச்சு வழக்குச் சொல் என்று சிலர் தயங்கலாம். பொருளியலில் 'பணப்புழக்கம்' பாடநூல் வரை ஏறியாயிற்று. வெறும் 'புழக்க ஆய்வு' என்று சுருக்க வேண்டாம், அப்படிச் சுருக்கினால் ஏற்கெனவே புழக்கத்தில் இருப்பதைக் கணக்கெடுப்பது என்று பொருள் மாறிவிடும். 'வழக்காக்கம்' என்றும் யோசித்தேன், நீதிமன்ற வழக்கு குறுக்கே வருகிறது.

ஒன்றுதான் இன்னும் உறுத்துகிறது. ஈழத்து நண்பர்கள் இந்த இடத்தில் பயன்பாடு என்ற பொருளில் 'பாவனை' என்பார்கள், பாவனைக்குக் கொண்டுவருதல் என்றே அங்கே எழுதுகிறார்கள். அவர்கள் காதில் 'புழக்கமாக்கம்' எப்படி விழுகிறது? சுகாதாரத் துறையில் வேலை செய்கிற யாராவது ஒரு பயிற்சிக் கையேட்டில் இதைப் போட்டுப் பார்த்துச் சொன்னால் இன்னும் நல்லது.