கட்டேஷன் என்பதற்கு ‘நீரரும்பல்’ சரிவருமா?

அன்புள்ள குழு உறவுகளுக்கு வணக்கம்.

செடி தன் உள்ளிருந்து நீரைத் தள்ளி இலை நுனியில் துளியாக விடுவதைக் கட்டேஷன் (guttation) என்பார்கள். அதற்குத் தமிழ்ச் சொல் கேட்டுத் தம்பி ஒருவர் போன கிழமை எழுதியிருந்தார். திருச்சி ஐயா ‘நீர்வடிதல்’ என்றார், யாழ்ப்பாணத்து ஆசிரியை அக்கா ‘இலைவேர்வை’ என்றார், இன்னொருவர் ‘கசிவு’ போதும் என்றார், கோவை நண்பர் கட்டேஷன் என்றே விட்டுவிடலாம் என்றார். எல்லாவற்றையும் இரண்டு தடவை வாசித்தேன். நான் இலங்கையின் கிழக்கே காரைதீவில் உயர்தர மாணவர்களுக்கு உயிரியல் படிப்பிக்கிறேன். வயற்காரக் குடும்பம். இந்தச் சொல் எனக்கு எங்கள் வட்டையில், அதாவது வயல்வெளியில், வைத்துத்தான் கிடைத்தது, ஆகவே கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன். பொறுத்துக்கொள்ளுங்கள்.

போன மாரிப்போகம், கார்த்திகைக் கடைசி. விதைத்து ஒரு மாதமான பயிர், முழங்காலுக்குக் கீழே நின்றது. மாமாவோடு வயலிலுள்ள குடிசையான வாடியில் தங்கியிருந்தேன். இரவு முழுக்க வானம் மூடிக் கிடந்தது, ஆனால் மழை விழவில்லை. விடியற்காலை ஐந்தேமுக்கால் இருக்கும், வரம்பில் இறங்கினோம். வாடிக்கு வெளியே விட்டிருந்த சைக்கிளின் சீட்டைத் தடவினேன், காய்ந்திருந்தது. வரம்பில் கிடந்த பழைய வைக்கோலும் அப்படித்தான். பயிரைப் பார்த்தால் ஒவ்வோர் இலையின் நுனியிலும் ஒரு துளி நின்றது. அந்த வெளி முழுக்க ஓர் இலை விடாமல். மாமா கேட்டார்: “வானம் மூடியிருந்தாப் பனி விழாதெண்டுதானே சொல்றது. அப்ப இது என்ன மனே?”

ஓர் இலை நுனியை விரலால் துடைத்துவிட்டுக் குனிந்தபடியே பார்த்துக்கொண்டிருந்தேன். முதலில் ஊசிமுனையளவு ஒரு மினுக்கம் தெரிந்தது. பிறகு கடுகளவாகி, மெல்ல மெல்லப் பருத்து, பாரத்தில் இலை நுனி சற்றே வளைந்தது. ஆனால் துளி விழவில்லை, பிடித்துக்கொண்டு நின்றது. பக்கத்து இலையைத் துடைத்தேன், அங்கும் அதே கதை. களை பிடுங்க வந்த பெரியம்மா ஒருவர் நான் என்ன செய்கிறேன் என்று எட்டிப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “இதென்ன புதினம்? விடியக்குள்ள பயிருக்குத் தண்ணி அரும்பி நிக்கிறது எப்பவும் உள்ளதுதானே.”

அரும்பி நிற்கிறது. அந்தச் சொல்லை அப்படியே பிடித்துக்கொண்டேன்.

இனி விசயத்துக்கு வருவோம். சொல்லைத் தேடும் முன் பொருளைச் சரியாகப் பிடிக்க வேண்டும். பனித்துளி காற்றிலிருந்து வருவது. தெளிந்த இரவில் இலை, கல், தகரம் எல்லாம் வெப்பத்தை வானத்துக்கு இழந்து குளிரும்போது, காற்றிலுள்ள நீராவி அவற்றின் மேல் ஒடுங்கி நீராகிறது. அதற்கு உயிருள்ள இலைதான் வேண்டும் என்றில்லை, சைக்கிள் சீட்டும் போதும். கட்டேஷன் துளியோ செடிக்குள்ளிருந்து வருவது. இரவில் இலையிலிருந்து நீராவி வெளியேறும் சிறு துளைகளான இலைவாய்கள் மூடியிருக்கும், நீர் ஆவியாகப் போகும் ஆவியுயிர்ப்பு அநேகமாக நின்றுவிடும். ஆனால் வேர் ஓய்வதில்லை. மண்ணிலிருந்து உப்புகளை இழுத்து, நீரை மேலே கடத்தும் குழாய்களான காழுக்குள் சேர்த்துக்கொண்டே இருக்கும், அந்த உப்புகளின் பின்னால் நீரும் உள்ளே போகும். அதனால் எழும் வேரமுக்கம் காழிலுள்ள நீரை மேலே தள்ளுகிறது. மேலே போன நீர் இலை நுனியிலும் விளிம்பிலும் உள்ள நுண்துளைகள் வழியே வெளிவந்து துளியாக நிற்கிறது. மண்ணில் நீர் நிறைய இருக்க வேண்டும், காற்றில் ஈரம் மிகுந்திருக்க வேண்டும். மாரிக்காலத்து நெல்வயலில் இரண்டுக்கும் குறைவில்லை. சேம்பு இலை நுனியிலும் இதைப் பார்க்கலாம், அங்கே சில நாள் சொட்டிக்கொண்டே இருக்கும்.

தமிழ்நாட்டு நண்பர்களுக்காக ஒரு சொல்: எங்கள் ஆவியுயிர்ப்பு உங்களுக்கு நீராவிப்போக்கு, எங்கள் காழ் உங்களுக்கு சைலம், எங்கள் இலைவாய் உங்களுக்கு இலைத்துளை, எங்கள் அமுக்கம் உங்களுக்கு அழுத்தம். ஒரே தாவரத்தை இரண்டு அகராதியில் படிக்கிறோம். புதிதாக ஆக்கும் ஒரு சொல்லாவது இரு கரைக்கும் பொதுவாக இருக்கட்டும் என்பது என் ஆசை.

கட்டேஷன் என்ற பெயரை 1887இல் வைத்தவர் ஆஸ்திரியத் தாவரவியலாளர் பர்கர்ஸ்டைன். இலத்தீனில் ‘குத்தா’ என்றால் துளி. அவ்வளவுதான் அந்தச் சொல்லில் உள்ளது. எங்கிருந்து வந்த துளி, எப்படி வந்த துளி என்பதற்கு அதில் ஒரு சாடையும் கிடையாது. ஆகவே ‘துளித்தல்’ என்று நேரே பெயர்க்க வேண்டிய கடமை நமக்கில்லை. மழையும் துளிக்கும். போதாததற்கு ‘துளிர்த்தல்’ பக்கத்திலேயே நிற்கிறது. தாவரவியல் வகுப்பில் ஓர் எழுத்து விட்டுப்போனால் இலை விடுவதும் நீர் விடுவதும் ஒன்றாகிவிடும்.

திருச்சி ஐயாவின் ‘நீர்வடிதல்’ நல்ல தமிழ், ஐயா. ஆனால் எங்கள் பக்கம் அது வேறு வேலையில் இருக்கிறது. இங்கினியாகலை நீர்த்தேக்கத்திலிருந்து வாய்க்காலில் வரும் நீரை வரம்பில் வக்கடை என்னும் திறப்பை வெட்டி வயலுக்குள் விடுவோம். மிஞ்சியதை வடிச்சல் வாய்க்காலில் விடுவோம். ‘வயலில் நீர் வடிந்ததா’ என்பது அம்பாறை மாவட்டத்தில் போகத்துக்கு நூறு தரம் கேட்கப்படும் கேள்வி. “நீர்வடிதல் எப்போது நடக்கும்?” என்று வகுப்பில் கேட்டால் வயற்காரப் பிள்ளை “வக்கடையைத் திறந்தால்” என்றுதான் சொல்லும், அந்தப் பிள்ளையில் பிழை சொல்ல முடியாது. தவிர, வடிவது என்றால் ஓட வேண்டும். இந்தத் துளி ஓடாமல் நிற்கிறது.

அக்காவின் ‘இலைவேர்வை’யில் நானும் கொஞ்ச நேரம் மயங்கித்தான் போனேன். வேரின் அமுக்கத்தால் வருவது வேர்வை என்று சொல்லிப் பார்க்கவே நன்றாக இருக்கிறது. ஆனால் வேர்வை உலர்ந்து உடலைக் குளிர்விப்பது. தாவரத்தில் அதற்கு ஒப்பானது ஆவியுயிர்ப்பு. வெயிலில் நடக்கும் அந்த வேலையின் பெயரை, வெயிலே இல்லாத நேரத்தில் நடக்கும் இந்த வேலைக்கு வைத்தால், பிள்ளைகள் ஏற்கெனவே குழம்பும் இடத்திலேயே இன்னும் குழப்புவோம்.

‘கசிவு’ பற்றித்தான் கூடுதலாகச் சொல்ல இருக்கிறது. நெல்லுக்கு வரும் பக்டீரியா இலைக்கருகலை உங்களில் பலர் பார்த்திருப்பீர்கள். இலை நுனியிலும் விளிம்பிலும் தொடங்கி, அலை அலையான ஓரத்தோடு மஞ்சளித்து, வைக்கோல் நிறமாகக் கீழிறங்கும். நோய் பிடித்த இலையில் விடியற்காலையில் பார்த்தால் அங்கும் துளிகள் தெரியும். ஆனால் அவை பால்போலக் கலங்கியிருக்கும், காய்ந்தால் மஞ்சள் மணிபோல இலையில் ஒட்டிக்கொள்ளும். அது பக்டீரியாக்கள் நிறைந்த சளி. அதற்குத்தான் கசிவு என்ற சொல் பொருந்தும். புண்ணில் கசிவது என்று நாம் சொல்வது அதைத்தானே. நலமான பயிரின் தெளிந்த துளிக்கும் நோயுற்ற பயிரின் கலங்கிய துளிக்கும் ஒரே பெயர் வைத்துவிட்டு, “கசிவு கண்டால் கவனி” என்று ஒரு கையேட்டில் எழுதினால், அதை நம்பி நல்ல பயிருக்கும் மருந்தடிக்க ஆள் வெளிக்கிடும். சொல் பிசகினால் காசும் போகும், வயலில் நஞ்சும் விழும். இது எனக்குச் சின்ன விசயமாகப் படவில்லை.

இந்த இரண்டு துளிக்கும் இன்னொரு தொடர்பும் உண்டு. நோய்க்கிருமி இலைக்குள் நுழைவது இலையில் ஏற்படும் காயங்களாலும், இந்த நீர் வெளிவரும் அதே நுண்துளைகளாலும்தான். வெளியே நின்ற துளி திரும்ப உள்ளே இழுபடும்போது கிருமியும் கூடப் போகலாம். கருகல் நுனியில் தொடங்குவது ஏன் என்று மாமா கேட்டிருந்தால் இதைத்தான் சொல்லியிருப்பேன். அவர் கேட்கவில்லை, நானாகவே சொன்னேன். அவருக்கு அது உடனே விளங்கியது.

அந்த நுண்துளைக்கும் பெயர் வேண்டும். தாவரவியலாளர் ஹாபர்லாண்ட் வைத்த பெயர் ஹைடதோட். கிரேக்கத்தில் நீரும் வழியும் சேர்ந்த சொல். ‘நீர்வழி’ என்றால் நமக்குக் கப்பல் போகும் வழி. இலைவாயைப் பார்த்து ‘நீர்வாய்’ என்று வைக்கலாமா என்று முதலில் நினைத்தேன். ஆனால் இலைவாய்க்கு இரு பக்கமும் காவற்கலங்கள் (காவல் செல்கள்) இருந்து திறந்து மூடும், வாய் என்ற பெயர் அதற்குத் தகும். இந்தத் துளையோ அப்படி மூடுவதில்லை, திறந்தபடியே கிடக்கும். கிணறு வெட்டும்போது ஊற்றுக்கண் என்கிறோமே, நிலத்துக்குள்ளிருந்து நீர் தானாகத் தள்ளிக்கொண்டு வரும் இடம், அதுதான் இங்கே நடப்பது. ஆகவே ‘நீர்க்கண்’. இலையின் நீர்க்கண். குழப்பம் வரும் இடத்தில் ‘இலை நீர்க்கண்’ என்று நீட்டிக்கொள்ளலாம்.

அப்புறம் பெரியம்மாவின் சொல். ‘நெற்றியில் வேர்வை அரும்பியது’, ‘கண்ணில் நீர் அரும்பியது’ என்று எல்லாரும் எழுதுகிறோம், பேசுகிறோம். அரும்புவது உள்ளிருந்து வருகிறது, துளியாக வருகிறது, வந்த இடத்திலேயே நிற்கிறது. பனி அரும்பியது என்று யாரும் சொல்வதில்லை, பனி விழும் அல்லது பெய்யும். வேறெந்தச் சொல்லிலும் கிடைக்காத பிரிப்பு இது. எனவே செயலுக்கு ‘நீரரும்பல்’, வெளிவரும் நீருக்கு ‘அரும்புநீர்’. அரும்புநீர் என்று தனிப்பெயர் கேட்பதற்குக் காரணம் உண்டு. அது வெறும் நீர் இல்லை, அதில் உப்புகள், சீனி, அமினோ அமிலங்கள் எல்லாம் கொஞ்சம் கொஞ்சம் உண்டு. வெயில் ஏறித் துளி காய்ந்தபின் இலை நுனியில் சில வேளை வெள்ளையாக ஒரு தடம் தெரியும், அது இந்த உப்பு. விதைக்குப் பூசிய பூச்சிகொல்லி இளஞ்சோளத்தின் அரும்புநீரில் வந்து சேர்ந்து, அதைக் குடிக்கும் தேனீக்களைக் கொல்லும் அளவுக்கு இருந்ததை இத்தாலிய ஆய்வாளர்கள் 2009இல் காட்டினார்கள். பனித்துளியில் அப்படி வர வழியில்லை.

வாக்கியத்தில் போட்டுப் பார்த்தேன். ‘நெல் விடியுமுன் நீரரும்பும்.’ ‘வரண்ட மண்ணில் நீரரும்பல் நிகழாது.’ ‘நுனியிலுள்ள நீர்க்கண்ணில் அரும்புநீர் திரள்கிறது.’ வாயில் தடங்கவில்லை. கோவை நண்பரின் கட்டேஷனை வைத்துக்கொண்டால் ‘கட்டேஷனடைகிறது’ என்று எழுத வேண்டியிருக்கும். அதைக் கட்டேஷன் என்பதா குட்டேஷன் என்பதா என்பதே இன்னும் முடியவில்லை. எல்லாரும் பேசிப் பழகிவிட்ட பிறமொழிச் சொல்லை மாற்றச் சொல்பவன் நான் இல்லை. பக்டீரியா என்று மேலே நானே எழுதியிருக்கிறேன். ஆனால் இதை யாரும் இன்னும் பழகவில்லை, பழகுமுன் நல்லதைக் கொடுக்கலாம்.

எதிர்ப்பு எங்கிருந்து வரும் என்பதும் தெரியும். எங்கள் பாடநூல்களில் அரும்பு என்றால் மொட்டு. சரிதான். ஆனால் ‘அரும்பு’ பெயர், ‘நீரரும்பல்’ தொழில். முன்னால் நீர் என்ற சொல்லும் நிற்கிறது. ‘நீரரும்பு’ என்று சுருக்கிவிடாமல் மட்டும் பார்த்துக்கொண்டால் போதும், அப்படிச் சுருக்கினால் அல்லி மொட்டாகிவிடும்.

வேறொரு வகைத் துளியை இதில் சேர்க்கக் கூடாது என்பதையும் இப்போதே சொல்லி வைக்கிறேன். மட்டக்களப்பு வாவியோரத்துக் கண்ணாக்காட்டில், அதாவது அலையாத்திக் காட்டில், வெண்கண்டல் மரத்தின் இலையை நக்கிப் பார்த்தால் உப்புக் கரிக்கும். அது வேரமுக்கம் தள்ளிய நீரில்லை. இலையிலுள்ள உப்புச் சுரப்பிகள் சக்தி செலவழித்து உப்பை வெளியேற்றுகின்றன. அதை ‘உப்புச் சுரத்தல்’ என்றே வைத்துக்கொள்வோம்.

எங்கள் ஊரில் பிறந்த விபுலாநந்த அடிகள் 1936இல் சென்னையில் நடந்த சொல்லாக்க மாநாட்டுக்குத் தலைமை தாங்கினார். விஞ்ஞானமும் தமிழும் இரண்டும் படித்தவர். அவர் பிறந்த மண்ணில் களை பிடுங்கும் ஒரு பெண்ணின் வாயில் இந்தச் சொல் இருந்ததை இந்தக் குழுவில் எழுதுவதில் எனக்கு மிகுந்த சந்தோசம்.

முடிவு கட்டுமுன் ஒன்று வேண்டும். தஞ்சாவூர், திருநெல்வேலிப் பக்கம் வயல் உள்ளவர்கள் யாராவது ஒரு நாள் விடியற்காலை இறங்கி, அங்குள்ள பெரியவர்கள் இந்தத் துளியை என்ன சொல்கிறார்கள் என்று கேட்டு எழுதுங்கள். வானம் மூடிய இரவுக்கு அடுத்த காலையாக இருந்தால் பனியோடு குழம்பாது. இதைவிட நல்ல சொல் அங்கே இருந்தால் நீரரும்பலை நான் விட்டுவிடத் தயார். ‘நீர்க்கண்’ணை மட்டும் இலேசில் விடமாட்டேன்.

அன்புடன்,
காரைதீவிலிருந்து