ஹூலா நடன ஆசிரியர் ஒருவரின் வாழ்க்கை

கேள்வி (ஈசூன்):
வணக்கம். சிங்கப்பூரின் சிராங்கூன் சாலையில் பரதம் பயிலும் என் மகள், ஹவாயின் ஹூலாவிலும் நம்மைப் போல் குரு மரபு உண்டா என்று கேட்கிறாள். யாருடைய வாழ்க்கையை அவளுக்குச் சொல்லலாம்?

மறுமொழி (தோ பாயோ):
ஈடித் கனகாஒலேயைச் சொல்லுங்கள். 1913இல் பிறந்த அவர், தம் தாயிடம் ஹூலா கற்று, 1953இல் 'ஹாலாவ் ஓ கெகூஹி' என்னும் பள்ளியைத் தொடங்கினார். ஹூலா ஆசிரியரைக் குறிக்கும் 'குமு' என்னும் சொல்லுக்கு அடிமரம், மூலம் என்னும் பொருள்களும் உண்டு. ஹூலாவுக்குப் பாடலின் சொல்லே உயிர் என்பதால், அவர் ஓதுபாடல்களை இயற்றியதோடு, 1970களில் ஹவாய்ப் பல்கலைக்கழகத்தின் ஹீலோ வளாகத்தில் ஹவாய் மொழியையும் பண்பாட்டையும் கற்பித்தார். 1896ஆம் ஆண்டுச் சட்டத்தால் பள்ளிகளிலிருந்து ஒதுக்கப்பட்ட மொழி அது என்பதை எண்ணினால்தான் அப்பணியின் அருமை விளங்கும்.

மறுமொழி (உட்லண்ட்ஸ்):
நான் பரதம் கற்பிப்பவள். அவருடைய குடும்பம் காத்துவரும் 'ஐஹாஆ' பாணியில், முழங்காலை மடக்கித் தாழ்ந்து நின்று, எரிமலைத் தெய்வமான பெலேயைப் போற்றி வேகத்துடன் ஆடுவார்கள். பரதத்தில் முழங்காலை மடக்கி நிற்கும் அரைமண்டி நிலையைப் பயிலும் பிள்ளைக்கு அந்த உழைப்பு உடனே புரியும். இருப்பினும், அது அவர்களுடைய மண்ணின் வழிபாடு என்பதையும் அவளிடம் சொல்லுங்கள்.

கேட்டவர் (ஈசூன்):
மிக்க நன்றி, அம்மா. அவருக்குப் பின் பள்ளி என்னவாயிற்று?

மறுமொழி (தோ பாயோ):
1979இல் அவர் மறைந்த பின், மகள்கள் புவாலானியும் நாலானியும் அதை நடத்தினர். 2023இல் வெளியான அமெரிக்கக் கால் டாலர் நாணயம் ஒன்றில் அவருடைய உருவம் பொறிக்கப்பட்டுள்ளது.