புனே வாங்குநரிடம் 7.40 லட்சம் நிலுவை: 90 நாள் தவணை என்று பர்சேஸ் ஆர்டரில் இருந்தால் சட்டம் உதவுமா?

கேள்வி: கோவைப் பட்டறைக்காரர் (பிப்ரவரி 2025)

வணக்கம். கோவையில் பம்ப் ஷாப்டுகளைக் கடைந்து கொடுக்கும் சிறு லேத் பட்டறை நடத்துகிறேன். புனேயில் உள்ள ஒரு பிரைவேட் லிமிடெட் நிறுவனத்துக்கு 2024 ஜனவரி முதல் ஜூலை வரை நான்கு இன்வாய்ஸ்களில் சரக்கு அனுப்பினேன். 7,40,000 ரூபாய் வர வேண்டும். பர்சேஸ் ஆர்டரில் 90 நாள் தவணை என்றும், வழக்கு எழுந்தால் புனே நீதிமன்றமே விசாரிக்கும் என்றும் அச்சிட்டிருக்கிறார்கள். குறு, சிறு தொழில்களுக்கான அரசுப் பதிவான உத்யம் பதிவை நான் 2024 மார்ச்சில்தான் எடுத்தேன். அதற்கு முந்தைய இன்வாய்ஸ் ஒன்று மட்டுமே, 1,60,000 ரூபாய்.

பணம் கேட்கத் தொடங்கிய பிறகு, கடைசி லோடில் அளவு பிசகு இருந்ததாகத் தொலைபேசியில் சொல்கிறார்கள். எழுத்தில் எதுவும் வரவில்லை. டிசம்பர் 5 தேதியிட்டு 2,00,000 ரூபாய்க்கு ஒரு செக் கொடுத்து, தாங்கள் சொல்லும் வரை வங்கியில் போட வேண்டாம் என்றார்கள். அது இன்னும் என் மேசை டிராயரில்தான் கிடக்கிறது. புனே வரை சென்று வழக்கு நடத்த எனக்கு வசதியில்லை. வேறு வழி உண்டா?

பதில் 1: வணிக வழக்குகள் நடத்தும் வழக்கறிஞர்

முதலில் அந்த செக்கை எடுங்கள். செக்கில் உள்ள தேதியிலிருந்து மூன்று மாதத்துக்குள் அதை வங்கியில் செலுத்த வேண்டும் என்பதால், மார்ச் முதல் வாரத்தோடு அது வெறும் தாளாகிவிடும். பணமின்றித் திரும்பினால், வங்கியின் தகவல் கிடைத்த 30 நாளுக்குள் எழுத்துப்பூர்வ நோட்டீஸ் அனுப்ப வேண்டும். நோட்டீஸ் பெற்ற 15 நாளுக்குள் அவர்கள் பணம் தராவிட்டால், அடுத்த ஒரு மாதத்துக்குள் மாற்றுமுறை ஆவணச் சட்டத்தின் 138ஆம் பிரிவில் புகார் தரலாம். உங்கள் கணக்கு கோவைக் கிளையில் இருந்தால் அந்த வழக்கும் கோவையிலேயே நடக்கும்.

மீதித் தொகைக்கு, 2006ஆம் ஆண்டின் குறு, சிறு மற்றும் நடுத்தரத் தொழில் நிறுவனங்கள் மேம்பாட்டுச் சட்டம் இருக்கிறது. அதன் 15ஆம் பிரிவின்படி, எழுத்து ஒப்பந்தத்தில் எத்தனை நாள் போட்டிருந்தாலும், சரக்கை ஏற்ற நாளிலிருந்து 45 நாளுக்கு மேல் தவணை செல்லாது. ஒப்பந்தமே இல்லாவிட்டால் 15 நாள்தான். எனவே 90 நாள் வாசகத்தைக் கண்டு தயங்க வேண்டாம். சரக்கு வந்து சேர்ந்த 15 நாளுக்குள் வாங்கியவர் எழுத்தில் ஆட்சேபம் தெரிவிக்காவிட்டால் அது ஏற்கப்பட்டதாகவே சட்டம் கொள்ளும். டெலிவரி சலானில் அவர்களுடைய கேட்டில் தேதியோடு போட்ட முத்திரை இருக்கிறதா என்று பாருங்கள்; தொலைபேசிப் பேச்சை விட அந்த முத்திரைக்குக் கனம் அதிகம்.

தாமதத்துக்கு, ரிசர்வ் வங்கி அறிவிக்கும் வங்கி வீதத்தைப் போல மூன்று மடங்கு, மாதாமாதம் கூட்டு வட்டியாகக் கணக்கிடப்படும். வங்கி வீதம் 6.75 சதவீதமாக இருந்த காலத்துக்கு இது 20.25 சதவீதம், அதாவது ஒரு லட்சத்துக்கு ஓராண்டில் ஏறத்தாழ 22,200 ரூபாய். நிலுவையைக் கோரும் விண்ணப்பத்தைக் குறு, சிறு தொழில்களுக்கான அரசு இணையதளத்தில் பதியலாம். அது, இத்தகைய நிலுவைகளை விசாரிக்க இதே சட்டத்தின் கீழ் அமைந்த வசதியாக்க மன்றத்துக்குச் செல்லும். வழங்குபவர் இருக்கும் இடத்து மன்றத்துக்கே அதிகாரம் என்று 18ஆம் பிரிவு சொல்வதால், வாங்கியவர் புனேயில் இருந்தாலும் கோவையிலேயே விசாரணை கோரலாம். மன்றம் முதலில் சமரசம் பேசும். அது முறிந்தால் நடுவர் தீர்ப்பு. அத்தீர்ப்பை எதிர்த்து அவர்கள் நீதிமன்றம் சென்றால், தீர்ப்புத் தொகையில் 75 சதவீதத்தைக் கட்டிய பிறகே மனு ஏற்கப்படும்.

சிக்கல் உங்கள் முதல் இன்வாய்ஸில்தான். பதிவுக்குப் பிந்தைய வழங்கலுக்கே பயன் கிடைக்கும் என்று உச்ச நீதிமன்றம் 2021இல் சில்பி இண்டஸ்ட்ரீஸ் வழக்கிலும், 2022இல் மகாகாளி ஃபுட்ஸ் வழக்கிலும் கூறியது. 2025 ஜனவரியில் என்பிசிசி வழக்கில் இரு நீதிபதிகள் வேறு கருத்துக் கொண்டு, பதிவு எப்போது தேவை என்ற கேள்வியைப் பெரிய அமர்வுக்கு அனுப்பியிருக்கிறார்கள். ஆகவே 1,60,000 ரூபாயைத் தனியாகக் காட்டி விண்ணப்பத்தில் சேருங்கள். அது தள்ளப்பட்டாலும் மீதி 5,80,000 ரூபாய்க்குப் பாதிப்பு வராது. அந்த ஒரு இன்வாய்ஸுக்குச் சாதாரண உரிமையியல் வழக்கு எப்போதும் உண்டு. அதற்கு மூன்றாண்டுக் காலவரம்பு.

பதில் 2: தணிக்கைப் பணியில் இருப்பவர்

இது பிப்ரவரி என்பதை மறக்க வேண்டாம். வருமான வரிச் சட்டத்தின் 43பி பிரிவில் 2023 நிதிச் சட்டம் சேர்த்த எச் உட்பிரிவின்படி, குறு, சிறு நிறுவனத்துக்கு 45 நாள் வரம்பைத் தாண்டி மார்ச் 31 அன்று நிலுவையில் நிற்கும் தொகையை அந்த ஆண்டின் செலவாக வாங்கியவர் கழிக்க முடியாது. பணம் கொடுக்கும் ஆண்டில்தான் கழிக்கலாம். கொள்முதல் பிரிவு இதைப் பொருட்படுத்தாது. கணக்குப் பிரிவு பொருட்படுத்தும். உத்யம் சான்றிதழை இணைத்து, அவர்களுடைய கணக்குப் பிரிவுக்கும் தணிக்கையாளருக்கும் ஒரே மின்னஞ்சலில் எழுதுங்கள். 45 நாளுக்கு மேற்பட்ட நிலுவைகளை ஆறு மாதத்துக்கு ஒருமுறை அவர்கள் அரசுக்குப் படிவத்திலும் காட்ட வேண்டும்.

கூடவே, நிலுவையை உறுதிசெய்யும் கடிதம் ஒன்றைக் கையெழுத்திட்டு வாங்கிவிடுங்கள். காலவரம்பு முடிவதற்குள் அப்படி ஒப்புக்கொண்டு கையெழுத்திட்டால் மூன்றாண்டு புதிதாகத் தொடங்கும். அளவு பிசகு என்ற பேச்சுக்கும் அது பதிலாகும்.

பதில் 3: வார்ப்படத் தொழில்

நான் இதே வழியில் சென்றவன். மன்றம் 90 நாளில் முடிக்க வேண்டும் என்று சட்டத்தில் இருக்கிறது. எனக்கு ஒன்றரை ஆண்டு ஆயிற்று. சமரச அமர்வுக்கு முந்தைய நாள் எதிர்த்தரப்பு அழைத்து, வட்டியை விட்டால் அசலைத் தருவதாகவும், முதலில் மனுவைத் திரும்பப் பெறும்படியும் கேட்டது. நான் மறுத்து, உடன்பாட்டை மன்றத்தின் முன்பே எழுத வைத்தேன். அசலும் வட்டியில் பாதியும் வந்தன. அந்த நிறுவனத்திடமிருந்து அதன் பிறகு எனக்கு ஆர்டர் வரவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். அதைத் தாங்க முடியுமா என்று கணக்குப் பார்த்த பிறகு நோட்டீஸ் அனுப்புங்கள்.

கேள்வி கேட்டவர்:

அனைவருக்கும் நன்றி. அவர்களுடைய ஆர்டர் ஆகஸ்ட் முதலே இல்லை. எனவே அந்தக் கணக்கு எளிது. சலான்களைப் பார்த்தேன்: மூன்றில் கேட் முத்திரை தெளிவாக இருக்கிறது, ஒன்றில் தேதி அழிந்திருக்கிறது, அதற்கு லாரி ஆபீஸில் ரசீது நகல் கேட்டிருக்கிறேன். செக்கைத் திங்கட்கிழமை காலையில் வங்கியில் போடுகிறேன்.