‘சொன்னான்’ அதிகமாகிவிட்டதாம். இயம்பினான், நவின்றான் போடலாமா?

கேள்வி – கதைக்கிறுக்கன்

ஒரு சிறுகதை எழுதி நண்பரிடம் படிக்கக் கொடுத்தேன். அதே சொற்களே திரும்பத் திரும்ப வருகின்றன, நடை வறண்டு கிடக்கிறது என்றார். அதோடு விடாமல், அவரே மாற்றுச் சொற்களைப் போட்டு அனுப்பிவிட்டார். ஒரு துண்டு:

என்னுடையது: “அண்ணன் வீட்டுக்குப் போனான். தம்பி கதவைத் திறக்கவில்லை. ‘அம்மா தூங்குறாங்க, அப்புறம் வா’ என்று சொன்னான். அண்ணன் அவனைக் கைவிடுவதாக இல்லை.”

அவருடையது: “அண்ணன் இல்லத்துக்குப் சென்றான். இளவல் கதவைத் திறக்கவில்லை. ‘அன்னை துயில்கிறார், பின்னர் வா’ என்று இயம்பினான். தமையன் அவனைக் கரம் விடுவதாக இல்லை.”

சொல்வளம் கூடியிருக்கிறது என்கிறார். எனக்கு நெருடுகிறது, காரணம்தான் சொல்லத் தெரியவில்லை. இதில் எதையாவது ஏற்கலாமா?

பதில் – ஒற்றுப்பிழை

மெய்ப்புப் பார்ப்பது என் பிழைப்பு. அதனால் முதலில் கண்ணில் பட்டது ‘இல்லத்துக்குப் சென்றான்’. அந்த ‘ப்’ பழைய ‘போனான்’ விட்டுப்போன வால். சொல் மாறினால் முன்னால் நிற்கும் ஒற்றும் மாறி ‘இல்லத்துக்குச் சென்றான்’ என்று வர வேண்டும். ‘ஒரு வீடு’ இருந்த இடத்தில் ‘ஒரு இல்லம்’ நிற்கிறதா என்றும் பாருங்கள், அது ‘ஓர் இல்லம்’. உங்கள் நண்பர் கணினியில் தேடி-மாற்று கொடுத்து ஒரே அமுக்கில் முடித்திருப்பார் என்று சந்தேகிக்கிறேன்.

‘கரம் விடுவது’ அதைவிட மோசம். கைவிடுதல் முழுசாக ஒரே சொல், அதற்குள் இருக்கும் கையை மட்டும் பிடுங்க முடியாது. இப்படியே போனால் ‘கண் வைத்தான்’ நாளைக்கு ‘விழி வைத்தான்’ ஆகும்.

அப்புறம், முதல் வரியில் அண்ணன், நாலாவது வரியில் தமையன். வாசகர் இன்னொரு ஆள் வந்துவிட்டானோ என்று திரும்பிப் பார்ப்பார். பெயரும் உறவும் கதை முழுக்க ஒன்றாகவே இருக்கட்டும். ஒரே சொல் நாலு தடவை வந்தால் யாருக்கும் ஒன்றும் ஆகிவிடாது.

கதவுக்குப் பின்னால் நிற்கும் பையன் ‘அன்னை துயில்கிறார்’ என்றால் அவன் நாடக ஒப்பனையில் நிற்க வேண்டும். பேச்சுக்குள் கை வைத்ததை மட்டும் என்னால் மன்னிக்க முடியவில்லை!

பதில் – கதைக்கிறுக்கன்

தேடி-மாற்றுதான், கேட்டேன், ஒப்புக்கொண்டார். வேறோர் இடத்தில் ‘அவனுக்கு எல்லாம் தெரியும்’ என்பது ‘அவனுக்கு எல்லாம் அறிவான்’ என்று கிடக்கிறது.

பதில் – ஒற்றுப்பிழை

தெரியும் என்றால் ‘அவனுக்கு’, அறிவான் என்றால் ‘அவன்’. பிடிக்கும் – விரும்புவான், இதுவும் அப்படியே. பொருள் ஒன்றானாலும் வேற்றுமை உருபு வேறு. ஒரு சொல்லை மாற்றப் போய் வாக்கியத்தையே பிரித்துக் கட்ட வேண்டியிருக்கும்.

பதில் – பழஞ்சுவடி

அதற்காக மாற்றுச் சொல்லே பாவம் என்று ஆக்கிவிடாதீர்கள். திவாகரம், பிங்கலம், சூடாமணி என்று நிகண்டு நிகண்டாக, அதாவது செய்யுளில் அமைந்த பழைய சொல்லகராதிகளாக, தொகுத்து வைத்த மொழி இது. செப்பினான், மொழிந்தான், பகர்ந்தான், நவின்றான், புகன்றான் எல்லாம் சும்மா கிடக்கவா?

பதில் – ஒற்றுப்பிழை

ஐயா, செய்யுளில் எதுகைக்கும் மோனைக்கும் அவை வேண்டும். ‘மலர்’ உட்காராத இடத்தில் ‘போது’ உட்காரும். உரைநடையில் அந்த நெருக்கடி இல்லை. மேலும் சூடாமணியின் பதினோராம் தொகுதியையும் பாருங்கள், ஒரு சொல்லுக்குப் பல பொருள் சொல்வது அதுதான். எந்தப் பொருளில் ஒரு சொல் நிற்கிறது என்று பார்க்காமல் மாற்றினால் ‘கடன் வாங்கினான்’ என்பது ‘கடன் கொள்முதல் செய்தான்’ என்று வந்து நிற்கும்.

கதைக்கிறுக்கன், ‘சொன்னான்’ உண்மையிலேயே உறுத்தினால் மாற்றாதீர்கள், எடுத்துவிடுங்கள். ‘என்று சொன்னான்’ என்பதற்கு ‘என்றான்’ போதும். இரண்டே பேர் பேசும் இடத்தில் அதுவும் வேண்டாம், யார் பேசுகிறார் என்பது பேச்சிலேயே தெரிந்துவிடும். உங்கள் துண்டில் நான் தொடுவது அந்த ஒரு இடம்தான். மற்றதெல்லாம் நீங்கள் எழுதியபடியே இருக்கலாம்.

பதில் – கதைக்கிறுக்கன்

சரி, பழைய பிரதியையே எடுத்து ‘என்று சொன்னான்’களை வெட்ட ஆரம்பித்துவிட்டேன். நண்பரிடம் எப்படிச் சொல்வது என்பதற்கு இங்கே யாராவது யோசனை சொன்னால் தேவலை.