பாண்டி வைசியாள் வீதி வீடுங்க: கீழ தமிழ், மேல ஃப்ரெஞ்சா?

போன வாரம் பாண்டி போயிருந்தேங்க, வைசியாள் வீதில நடந்தா கீழ திண்ணை, மரத்தூண், ஓடு போட்ட தாழ்வாரம்னு அப்படியே எங்க பாட்டி வீடு, நிமிந்து மாடிய பாத்தா வளைவு ஜன்னல், பலுஸ்டர்னு சொல்ற குட்டித் தூணுங்க வெச்ச கைப்பிடிச் சுவர். ஒரே வீட்ல எப்படி ரெண்டும்? பின்னாடி சேத்து கட்டுனதா?

பதில் 1:
பல வீட்ல அப்படித்தான், கொஞ்சம் காசு வந்ததும் தமிழ் பகுதியையும் ஃப்ரெஞ்ச் பகுதியையும் பிரிக்கிற கால்வாய்க்கு அந்தப்பக்கம் ஃப்ரெஞ்ச்காரங்க வீட்ட பாத்து மாடிய அந்த ஸ்டைல்ல ஏத்திக்கிட்டாங்க. உள்ள போனா முற்றம் அப்படியேதான் இருக்கும். தெருத் தாழ்வாரம் நடந்து போறவங்களுக்கு, அதுக்கு உள்ள திண்ணை வீட்டுக்கு வர்றவங்களுக்கு, ஃப்ரெஞ்ச் பக்கம் இந்த ரெண்டும் கிடையாது, உசரமான மதில்தான். பழைய கட்டடங்கள பாதுகாக்குற இன்டாக் அமைப்பு இந்த தெரு முகப்புகள சரி பண்ணதுக்கு 2008ல யுனெஸ்கோ விருது கூட கெடச்சுது.

பதில் 2:
எங்களுதும் அந்த மாதிரி வீடுதான். மொட்டமாடி மெட்ராஸ் டெரஸ், தேக்கு உத்தரத்து மேல தட்டைச் செங்கல்ல படுக்க வைக்காம குத்துவாக்குல நிறுத்தி, மூலைவாட்டமா அடுக்கி சுண்ணாம்புல கட்டுனது. ஒழுகுதுன்னு ஒரு கொத்தனார் பேச்ச கேட்டு மேல சிமெண்ட் பூசினோம், ரெண்டு மழைல ஈரம் வெளிய போக வழியில்லாம உத்தரமே உளுத்துப்போச்சு. சுண்ணாம்பு வேலை தெரிஞ்ச ஆள் யாராவது இருந்தா சொல்லுங்கப்பா.

கேட்டவர்:
ஐயோ, எங்க பாட்டி வீட்டுக்கும் அடுத்த மாசம் சிமெண்ட்தான் பேசியிருக்கோம். நிறுத்தச் சொல்றேன்.